தோட்டாவும் பயனெட்டும்: மதராஸ் சிப்பாய் தோளில் சுமந்த வரலாறு

முன்னாள் படைவீரர்களின் விழா மலருக்குத் துப்பாக்கியின் வரலாற்றை எழுதித் தர வேண்டும் என்று அன்பர்கள் பணித்தார்கள். ரைபிளோடு உண்டு, ரைபிளோடு உறங்கியவர்களுக்கு, அதை ஏட்டில் மட்டும் பார்த்த வரலாற்று ஆசிரியன் என்ன சொல்லிவிட முடியும்? ஆயினும் நாட்டுக்கு உழைத்தவர்கள் இட்ட பணி, மறுத்தல் முறையன்று. வெலிங்டன் பரேடு மைதானம், அசாயே யானைச் சின்னம், மதராஸ் ரெஜிமெண்டின் போர்முழக்கம், கீதையிலிருந்து எடுத்த குறிக்கோள் வாசகம் ஆகியவற்றை நீங்கள் எனக்குச் சொல்லித்தர வேண்டியவர்கள். பழைய நூல்களில் நான் கண்டதை மட்டும் இங்கே வைக்கிறேன்.

வள்ளுவப் பெருந்தகை படைமாட்சி, படைச்செருக்கு என்ற இரண்டு அதிகாரங்களோடு படையின் இலக்கணத்தை முடித்துவிட்டார். ஆயுதத்துக்கென்று தனி அதிகாரம் அவர் வகுக்கவில்லை. அம்பும் வேலும் அங்கே வருவதெல்லாம் அவற்றை ஏந்தியவனின் நெஞ்சுரத்தை அளந்து காட்டத்தான். முயலை வீழ்த்திய அம்பையும் யானையைத் தவறவிட்ட வேலையும் ஒரே தராசில் வைத்து எடைபோட்ட குறளை இம்மலரின் வாசகர் எல்லோரும் அறிவர். அந்த அம்பின் வழியில் வந்தது தோட்டா, வேலின் வழியில் வந்தது பயனெட் என்பது என் துணிபு. தொலைவில் நின்று எய்வதையும் நெருங்கிச் சென்று குத்துவதையும் ஒரே சிப்பாயின் கையில் சேர்த்த நாளிலிருந்துதான் இன்றைய காலாட்படை தொடங்குகிறது.

ஐரோப்பாவில் அது எளிதாகச் சேர்ந்துவிடவில்லை. முதலில் வந்த பயனெட்டின் பிடியைக் குழலின் வாய்க்குள்ளேயே திணித்தார்கள். திணித்த பின் சுட முடியாது. 1689-இல் ஸ்காட்லாந்தின் கில்லிக்கிராங்கி கணவாயில் மெக்கே என்ற தளபதியின் படை, சுட்டு முடித்துப் பயனெட்டைச் செருகிக்கொண்டிருந்த இடைவேளையில், மலைநாட்டார் வாளோடு இறங்கிச் சிதறடித்துவிட்டார்கள். அதன் பிறகு குழலின் வெளிப்புறத்தில் வளையமாக மாட்டும் முறை பரவியது. சுடவும் குத்தவும் ஒரே கருவி போதும் என்றானதும், துப்பாக்கிக்காரனுக்குக் காவலாக நின்ற ஈட்டிக்காரனுக்குப் படையில் இடமில்லாமல் போயிற்று.

இந்தப் புதுமுறை பாரத மண்ணில் தன் வலிமையை முதன்முதலாகக் காட்டியது நம் சென்னையில், அடையாற்றங்கரையில். 1746-இல் ஆற்காட்டு நவாபின் மகன் மாபூஸ்கான் பத்தாயிரம் பேரோடு ஆற்றின் கரையை அடைத்து நின்றார். பிரெஞ்சு அதிகாரி பாரடிஸிடம் சிப்பாய்களையும் சேர்த்து ஏறத்தாழ ஆயிரம் பேர்தான். அவர்கள் ஆற்றில் இறங்கிக் கடந்து, வரிசையாக நின்று சுட்டு, பயனெட்டை நீட்டிக்கொண்டு முன்னேறினார்கள். நவாபின் படை ஓடிற்று. புதுச்சேரியில் ஆனந்தரங்கப் பிள்ளை தமிழில் நாட்குறிப்பு எழுதிக்கொண்டிருந்த காலம் அது. தென்னாட்டுச் சிப்பாய் இந்த ஆயுதத்தை எப்படிக் கையாள்வான் என்பதை அன்றைக்கு எல்லோரும் கண்டுகொண்டார்கள். இரண்டே ஆண்டுகளில் ஆங்கிலேயரும் சிப்பாய்களைத் திரட்டத் தொடங்கிவிட்டார்கள்.

அடையாற்றுப் போருக்கு ஐந்தாண்டு முன்னரே குளச்சலில் டச்சுக்காரரை வென்ற மார்த்தாண்டவர்மா, தம்மிடம் சிறைப்பட்ட டச்சுப் படை அதிகாரி டிலனாயைக் கொண்டே தம் படைக்கு ஐரோப்பியப் பயிற்சி அளித்தார். குமரி மாவட்டத்து உதயகிரிக் கோட்டைக்குள் டிலனாயின் கல்லறை இருக்கிறது. லத்தீனும் தமிழும் பொறித்த அந்தக் கல்லைப் பார்க்காதவர்கள் அவசியம் பார்த்து வர வேண்டும்.

பாஞ்சாலங்குறிச்சியில்

என் உள்ளத்துக்கு மிக நெருக்கமான நூல் ஜேம்ஸ் வெல்ஷ் என்ற கம்பெனி அதிகாரி 1830-இல் வெளியிட்ட படைத்துறை நினைவுகள். ஊமைத்துரை மீண்டும் எழுப்பிய பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையைத் தாக்கியவர்களில் அவரும் ஒருவர். 1801 மார்ச் 31-ஆம் நாள் கம்பெனிப் படை பீரங்கியால் மதிலைப் பிளந்துகொண்டு ஏறியது. அவர்கள் கையில் இருந்தது பிரௌன் பெஸ் எனப்படும் சக்கிமுக்கித் துப்பாக்கி. பயனெட்டை மாட்டினால் ஏறக்குறைய ஆறடி நீளம். உள்ளே நின்றவர்களிடம் அதைவிட நெடிய ஈட்டிகள் இருந்தன. மதிலின் உச்சிக்கு வந்தவர்களை அவர்கள் உள்ளிருந்தபடியே குத்திச் சாய்த்தார்கள். ஒரு முறை சுட்டுவிட்டு மறுபடி மருந்து கெட்டிக்க அங்கே ஏது இடம், ஏது நேரம்? கம்பெனி திரும்பிப் போய், கூடுதல் படையும் பீரங்கியும் கொண்டுவந்து மே 24-ஆம் நாள்தான் கோட்டையைப் பிடித்தது. ஐரோப்பியர் ஈட்டியைக் கைவிட்டு நூறாண்டு கழித்து, நம் மண்ணின் ஈட்டி அவர்களின் பயனெட்டை ஒருநாள் நிறுத்தி வைத்தது. எதிரியாக நின்று பார்த்த அதிகாரியே இதை ஒளிக்காமல் எழுதியிருப்பது அவருடைய நேர்மை. தமக்கு ஈட்டி எறியவும் வளரி வீசவும் கற்றுத்தந்தவர் சின்ன மருது என்றும் அவரே எழுதுகிறார். அதே ஆண்டில் அந்த மாணவர் எந்தப் பக்கம் நின்று போரிட்டார் என்பதை எண்ணும்தோறும் நெஞ்சு கனக்கிறது.

1806 ஜூலை 10-இல் வெடித்த வேலூர்ச் சிப்பாய்ப் புரட்சியை விரித்துரைக்க வேண்டியதில்லை. ஒன்றை மட்டும் குறிக்கிறேன். கோட்டைக்குள் முடங்கிய வெள்ளைச் சிப்பாய்களிடம் தோட்டா தீர்ந்துபோயிருந்தது. ஆற்காட்டிலிருந்து விரைந்து வந்த கில்லெஸ்பி கயிற்றைப் பிடித்து மதிலேறி, பீரங்கி வந்து சேரும் வரை அவர்களை வெறும் பயனெட்டோடு நடத்தித்தான் தாக்குப்பிடித்தார்.

ஊதுகுழலும் தோட்டாவும்

பழைய துப்பாக்கியின் குழல் உள்ளே வழவழப்பாக இருக்கும். நூறு கஜத்துக்கு அப்பால் குறிவைப்பது வீண் வேலை. குழலுக்குள் சுருள் காடி வெட்டினால் குண்டு சுழன்று நேராகப் போகும், அதுதான் ரைபிள். பிரிட்டிஷ் படையில் 1800 முதல் பேக்கர் ரைபிள் இருந்தது. ஆனால் காடியில் இறுகப் பிடிக்கும் குண்டை வாய்வழியே இடித்து இறக்க நேரம் பிடிக்கும். அதனால் பொறுக்கியெடுத்த சிலருக்கே அது கிடைத்தது.

இதற்கு விடை தென்னிந்தியாவிலிருந்து போயிற்று என்பது நாம் பெருமைகொள்ள வேண்டிய செய்தி. 34-ஆம் ரெஜிமெண்டின் காப்டன் நார்ட்டன் தென்னாட்டில் இருந்தபோது, வேட்டைக்காரர்களின் ஊதுகுழல் அம்பைக் கண்டார். அதன் அடிப்பகுதியில் நெட்டி போன்ற மெத்தென்ற தக்கை இருந்தது. ஊதியதும் அது விரிந்து குழலோடு ஒட்டிக்கொள்ள, மூச்சு வெளியே கசியாமல் அம்பு சீறிப் பாய்ந்தது. அதைப் பார்த்தே அடியில் குழிவான குண்டை நார்ட்டன் செய்தார் என்று ஆயுத வரலாற்று நூல்கள் கூறுகின்றன. குண்டு எளிதாக உள்ளே இறங்கும். வெடித்ததும் அடி விரிந்து காடியைப் பற்றிக்கொள்ளும். பிரிட்டிஷ் அதிகாரிகள் அதை ஒதுக்கித் தள்ளினார்கள். 1849-இல் பிரெஞ்சுக்காரர் மினியே அதே நெறியில் ஒரு குண்டைச் செய்த பின் அவருக்கு 20,000 பவுன் கொடுத்தார்கள். நம் வேட்டைக்காரனுக்கு யார் என்ன கொடுத்தார்கள்!

மினியே குண்டின் வழிவந்ததே 1853-ஆம் ஆண்டின் என்ஃபீல்டு. அதன் கொழுப்புத் தோட்டா 1857-இல் மூட்டிய தீயைப் பள்ளிப் பிள்ளைகளும் அறிவர். அதற்குப் பின் நடந்ததை அறிந்தவர் குறைவு. இந்தியச் சிப்பாய்களுக்கென்று 1858, 1859-இல் ஒரு தனித் துப்பாக்கி செய்தார்கள். வெளித்தோற்றத்தில் அதுவும் என்ஃபீல்டுதான். உள்ளே காடி இல்லை. தொலைவில் குறி தவறாத ரைபிள் வெள்ளையனுக்கு, வழவழப்புக் குழல் நம்மவனுக்கு. பயனெட்டை மட்டும் குறைக்கவில்லை. நெருங்கிச் சென்று குத்திச் சாக நம்மவன் வேண்டும். தொலைவிலிருந்து சுடும் ஆற்றல் அவனிடம் இருக்கக் கூடாது! ஒரு ஆட்சி தன் சிப்பாயை எவ்வளவு நம்புகிறது என்பதைக் காண அதன் அரசாணைகளைப் புரட்ட வேண்டியதில்லை, அவனுக்குக் கொடுத்த குழலுக்குள் எட்டிப் பார்த்தால் போதும். பிற்பாடும் ஸ்னைடர், மார்ட்டினி ஹென்றி என்று வந்ததெல்லாம், வெள்ளைப் படை அடுத்த ரகத்துக்குப் போன பிறகே நம்மவர் கைக்கு வந்தன.

இதன் தொடர்ச்சியாகத்தான், சில குடிகளே போருக்கு ஏற்றவை என்ற ‘போர்க்குடிகள்’ கொள்கை வந்தது. மதராஸ் படைக்கே தளபதியாக இருந்த ராபர்ட்ஸ் பிரபு, தென்னாட்டுச் சிப்பாயைத் தாழ்த்தி 1897-இல் தம் வாழ்க்கை நூலில் எழுதிவைத்தார். மதராஸ் காலாட்படை படிப்படியாகக் குறைக்கப்பட்டு 1920-களின் இறுதியில் கலைக்கப்பட்டது. உலகப்போர் நெருக்கியதும் 1941-இல் அதே ரெஜிமெண்டை மீண்டும் எழுப்பினார்கள். தேவை வந்தபோது குடிப் பாகுபாடு மறந்துபோயிற்று.

பின்னதை நீங்களே அறிவீர்கள். பத்துத் தோட்டா கொள்ளும் .303 லீ என்ஃபீல்டு வந்தது; ஜப்பானிய அரிசாகாவைப் பார்த்துச் செய்த அதன் பதினேழு அங்குலப் பயனெட் 1907-இல் உருவானது. 1962-இல் இமயத்தில் அந்த .303-இன் போல்ட்டை இழுத்து இழுத்துச் சுட்ட நம் வீரர்கள், தானாகத் தோட்டா ஏறும் சீனத் துப்பாக்கிகளை எதிர்கொண்டார்கள். அதன் பிறகே ஈஷாப்பூரின் 7.62 எஸ்.எல்.ஆர். பரவலாக வந்தது. பின்னர் இன்சாஸ், இன்று ஏ.கே. 203.

சங்க உறுப்பினர்களுக்கு ஒரு வேண்டுகோள். அதிகாரிகளின் நினைவுக் குறிப்புகளை வைத்தே நான் இவ்வளவும் எழுதினேன். அடையாற்றைக் கடந்த சிப்பாயோ மதிலேறிய சிப்பாயோ எழுதிவைத்தது ஒரு வரிகூட என் கைக்குக் கிட்டியதில்லை. .303-ஐயும் எஸ்.எல்.ஆரையும் ஏந்திக் களம் கண்டவர்கள் அருள்கூர்ந்து எழுதி, அடுத்த மலருக்குள் சங்கத்திடம் சேர்ப்பியுங்கள். எழுதச் சோர்வாக இருந்தால் பேரப்பிள்ளைகளை உட்கார்த்திவைத்துச் சொல்லி எழுதச் சொல்லுங்கள். எந்த ஆண்டு எந்த ரைபிள் கைக்கு வந்தது, பனியில் அது எப்படி மக்கர் செய்தது, பயனெட் உண்மையில் எதற்கெல்லாம் பயன்பட்டது என்பதெல்லாம் அதில் இருக்கட்டும். உங்கள் ரைபிளின் பட் நம்பர் நினைவிருந்தால் அதையும் மறக்காமல் குறியுங்கள்.