நந்தியாவட்டையும் ஆன்ட்டியின் முழங்காலும்

பரீட்சை, அசைன்மென்ட், வார இறுதியில கடை வேலைன்னு ஓடினதுல இந்தப் பக்கம் வந்தே ரெண்டு மாசம் ஆகிடுச்சு. மன்னிச்சுக்கோங்க மக்களே. இன்னிக்கு எழுத வச்சது எங்க வீட்டுக்கார ஆன்ட்டி.

ஹவுன்ஸ்லோவுல நான் வாடகைக்கு இருக்கிற ரூமுக்குக் கீழ்த்தளத்துல அவங்க இருக்காங்க. யாழ்ப்பாணத்துக்காரங்க, இங்க வந்து முப்பது வருஷத்துக்கு மேல ஆச்சு. ரெண்டு முழங்காலும் தேஞ்சு போச்சுன்னு டாக்டர் சொல்லிட்டாராம். கோ-கோடமால் மாத்திரையிலதான் பொழுது ஓடுது. அதுல பாராசிட்டமாலோட கோடீனும் இருக்கு. கோடீன் அபினி வர்க்கம். "மூன்று நாளுக்கு மேல் சாப்பிடாதீர்கள், அடிமையாக்கும்"னு இங்க கடையில விக்கிற பெட்டி மேலேயே போட்டிருப்பாங்க. ஆன்ட்டிக்கு மூணு வருஷம் ஆகுது.

போன வாரம் கூப்பிட்டு போனை நீட்டினாங்க. "தம்பி, இதை ஒருக்கா பாத்துச் சொல்லும். அபின் இல்லாத மருந்தெண்டு போட்டிருக்கிறாங்கள்." ஒரு விளம்பரம். சொட்டு மருந்து, பேரு கோனோலிடின். பாட்டிலுக்குப் பக்கத்துல பச்சை இலைக்கு நடுவுல ஒரு வெள்ளைப் பூ, காத்தாடி மாதிரி அஞ்சு இதழ். பார்த்ததும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. எங்க ஊர்ல கிணத்தடியில நின்ன நந்தியாவட்டை! தினம் காலையில பாட்டி சாமிக்குப் பறிப்பாங்க. கிளையை ஒடிச்சா பால் வடியும், சட்டையில பட்டா கறை போகவே போகாது.

உடனே பதில் சொல்லத் தெரியல. "ரெண்டு நாள் டைம் குடுங்க ஆன்ட்டி"ன்னு சொல்லிட்டு வந்து படிக்க உக்காந்தேன். ரெண்டு நாள் ஒரு வாரமாச்சு. கதை அவ்வளவு நீளம். அதுல ஒரு பகுதி எங்க தெருவுக்குப் பக்கத்துலயே நடந்திருக்கு.

முதல்ல பேர். குறிஞ்சிப்பாட்டுல கபிலர் அடுக்கிக்கிட்டே போற பூக்கள்ல 'நந்தி'ன்னு ஒண்ணு வரும். அது நந்தியாவட்டைதான்னு பொருள் சொல்றது வழக்கம். கண் எரிச்சலுக்குப் பூவை ஒத்தி எடுக்கிறது நம்ம எல்லார் வீட்லயும் தெரிஞ்சது. எனக்குத் தெரியாம இருந்தது இன்னொண்ணு. வேரை மென்னா பல்வலி அடங்கும்னு இந்திய மூலிகை நூல்கள்ல பதிவாகி இருக்கு. வலிக்கும் இந்தச் செடிக்கும் உள்ள தொடர்பு லேப்ல தொடங்கினது இல்லை.

ஐரோப்பாக்காரங்க கையில இது போய்ச் சேர்ந்தது கொச்சி வழியா. டச்சுக் கம்பெனியோட மலபார் ஆளுநர் வான் ரீடே, ஹோர்ட்டஸ் மலபாரிகஸ்னு 12 தொகுதி புத்தகம் ஒண்ணு தொகுத்தார். 1678ல இருந்து 1693 வரைக்கும் ஆம்ஸ்டர்டாம்ல அச்சாச்சு. விஷயம் சொன்னவங்கள்ல முக்கியமானவர் இட்டி அச்சுதன்ங்கிற ஈழவ வைத்தியர். அந்தப் புத்தகத்துல நம்ம செடி 'நந்தி-எர்வதம்'ங்கிற பேர்ல இருக்கு, பெரிசு ஒண்ணு, சிறிசு ஒண்ணு. நந்தியாவட்டம் டச்சுக்காரன் காதுல விழுந்து லத்தீன்ல ஏறினா இப்படித்தான் ஆகும் போல.

1753ல லின்னேயஸ் இதை அரளியோட பேரினத்துல சேர்த்து 'நேரியம் டிவாரிகேட்டம்'னு பேர் வச்சுட்டார். பெரிய தப்புன்னு சொல்ல முடியாது, ரெண்டும் ஒரே குடும்பம்தான். அப்புறம் அதை டாபர்னேமோன்டானா பேரினத்துக்கு மாத்தினாங்க. வாயில நுழையாத இந்தப் பேருக்குப் பின்னால 16ஆம் நூற்றாண்டு ஜெர்மன் வைத்தியர் ஒருத்தர் இருக்கார். அவர் ஊர் பெர்க்சாபெர்ன். அதை லத்தீனாக்கித் தன் பேரா வச்சுக்கிட்டார், நேர் அர்த்தம் கிட்டத்தட்ட 'மலைச் சத்திரம்'. ஆக நம்ம கோயில் பூ ஒரு ஜெர்மன் சத்திரத்துப் பேரோட உலகம் சுத்துது.

மாத்தினது யாருன்னு பார்த்தா, முழுப் பேருக்குப் பின்னால 'ஆர். பிரவுன்'னு சுருக்கமா ஒரு பேர் ஒட்டியிருக்கு. ராபர்ட் பிரவுன். ஸ்கூல்ல படிச்ச பிரௌனியன் இயக்கம் ஞாபகம் இருக்கா? அதே ஆள்தான். 1819ல ரோமரும் ஷுல்டஸும் போட்ட புத்தகத்துல, பிரவுன் பேரைச் சொல்லி, டாபர்னேமோன்டானா டிவாரிகேட்டான்னு வெளியிட்டாங்க. இன்னிக்கும் அதுதான் முறையான பேர்.

பிரவுன் 1810ல இருந்து சர் ஜோசப் பேங்க்ஸோட நூலகர். கேப்டன் குக்கோட கப்பல்ல போன அதே பேங்க்ஸ். அவரோட கிராமத்து வீடு எங்க இருந்துச்சு தெரியுமா? ஸ்பிரிங் குரோவ், ஐல்வொர்த். ஹவுன்ஸ்லோ ஹை ஸ்ட்ரீட்ல 237 பஸ் ஏறினா ரெண்டு மூணு பாட்டு கேக்குறதுக்குள்ள வந்துடும்! 1779ல வாடகைக்கு எடுத்து, 1808ல விலைக்கே வாங்கி, 1820ல அங்கேயே இறந்து போனார். பக்கத்து ஹெஸ்டன்ல செயின்ட் லெனார்ட்ஸ் சர்ச்ல அடக்கம். சமாதிச் சின்னம் எதுவும் வேண்டாம்னு உயில்லயே எழுதி வச்ச மனுஷன்.

நேர்மையாச் சொல்லணும்னா பிரவுன் உக்காந்து வேலை பார்த்தது இந்த வீட்ல இல்லை, பேங்க்ஸோட சோஹோ சதுக்கத்து வீட்ல. உலர்ந்த செடிகளும் புத்தகங்களும் அங்கதான் இருந்துச்சு. பால் ஹெர்மன் 1670கள்ல இலங்கையில சேகரிச்ச செடித் தொகுப்பையும் பேங்க்ஸ் விலைக்கு வாங்கியிருக்கார். லின்னேயஸ் அதை வச்சுத்தான் 1747ல இலங்கைத் தாவரங்களைப் பத்தித் தனிப் புத்தகமே போட்டார். இப்ப அது லண்டன் இயற்கை வரலாற்று மியூசியத்துல இருக்கு. (இதைச் சொன்னதும் ஆன்ட்டி முகத்துல ஒரு பெருமை. கூடவே, "எல்லாத்தையும் இஞ்ச கொண்டு வந்திட்டாங்கள்.")

ஸ்பிரிங் குரோவ் வீட்டைப் பின்னாடி வாங்கி 1890கள்ல பெரிசாக் கட்டினவர் ஆண்ட்ரூ பியர்ஸ். ஆமாங்க, பியர்ஸ் சோப் குடும்பம்தான். ஐல்வொர்த்துலதான் அவங்க ஃபேக்டரி. இப்ப அந்த வீடு ஒரு காலேஜ் வளாகத்துக்குள்ள இருக்கு. ஞாயித்துக்கிழமை போய் கேட்டுக்கு வெளிய நின்னு பார்த்துட்டு வந்தேன். குளிர், மழை, பூட்டின கேட். வேற ஒண்ணும் சொல்றதுக்கில்லை.

ஆத்துக்கு அந்தப் பக்கம் கியூ. அங்க வேலை பார்த்த ஆஸ்திரியர் ஓட்டோ ஸ்டாஃப் 1902ல இந்தச் செடிகளைத் தனிப் பேரினமாப் பிரிச்சு 'எர்வதமியா'ங்கிற பேரை ஏத்தி வச்சார். இட்டி அச்சுதன் காலத்து 'நந்தி-எர்வதம்'ல நந்தியை விட்டுட்டு மிச்சத்தை எடுத்துக்கிட்ட பேர் அது. அப்புறம் வந்தவங்க அதைத் திரும்ப டாபர்னேமோன்டானாவுலயே சேர்த்துட்டாங்க. எனக்கு அதுல வருத்தம்தான். அறிவியல் பேர்ல நம்ம பக்கத்துச் சத்தம் மிச்சமிருந்த ஒரே இடம் அது.

சரி, மருந்துக்கு வருவோம்.

இந்தச் செடியைப் பிரிச்சு அல்கலாய்டு எடுத்தவங்கள்ல ரெண்டு பேரைப் பத்தி யாரும் பேசிக் கேட்டதில்லை. 1939ல ரத்தினகிரீஸ்வரனும் வெங்கடாசலமும் இதுல இருந்து டாபர்னேமோன்டானின், கொரோனாரின்னு ரெண்டு அல்கலாய்டைப் பிரிச்சு ஒரு பிரிட்டிஷ் மருந்தியல் பத்திரிகையில எழுதியிருக்காங்க. இதே ஜோடிதான் 1935ல நஞ்சறுப்பான் கொடியில இருந்து டைலோஃபோரினைப் பிரிச்சது. இன்னிக்கு இருக்கிற கருவி எதுவும் கிடையாது. அமிலத்துல ஊற வச்சு, காரம் சேர்த்து, படிக வச்சு, உருகுநிலை பார்த்துப் பார்த்துச் செஞ்ச வேலை. அந்த முறையில கோனோலிடின் சிக்கவே சிக்கியிருக்காது. காரணம் கீழே.

2004ல கோலாலம்பூர் மலாயா பல்கலைக்கழகத்துல டோ-சியோக் காம் குழு இதே செடியோட தண்டுப் பட்டையில இருந்து கோனோலிடினைப் பிரிச்சாங்க. கிடைச்ச அளவு 0.00014 சதவீதம். இந்த எண்ணை நிதானமாப் பாருங்க. ஒரு கிலோ பட்டைக்கு 1.4 மில்லிகிராம். ஒரு பாராசிட்டமால் மாத்திரையில இருக்கிற மருந்தோட எடைக்கு, அதாவது 500 மில்லிகிராமுக்கு, 350 கிலோவுக்கு மேல பட்டை வேணும். எங்க கிணத்தடி மரத்தை வேரோட வெட்டினாலும் ஒரு எறும்பு எடைக்குத் தேறினா அதிசயம்.

அதனால ஏழு வருஷம் அது பேப்பர்ல ஒரு படமாத்தான் இருந்துச்சு. 2011ல ஃபுளோரிடா ஸ்கிரிப்ஸ் நிறுவனத்துல கிளென் மிக்கலிசியோ குழு ஒன்பது படியில அதைச் செயற்கையாச் செஞ்சு காட்டினாங்க. கடைசியில கையில நின்ன விளைச்சல் 18 சதவீதம். கெமிஸ்ட்ரி படிச்சவங்களுக்குத் தெரியும், ஒன்பது படிக்கு அப்புறம் 18 நின்னா விசில் அடிக்கலாம். இப்பத்தான் சோதிக்கிற அளவுக்குச் சரக்கு கிடைச்சுது. அங்கேயே லாரா போன் குழு எலிகள்ல பார்த்தாங்க. விடாம நீடிக்கிற வலியை அது குறைச்சுது, ஆனா மார்ஃபின் போய் ஒட்டிக்கிற ஏற்பியில ஒட்டவே இல்லை. அப்ப எப்படி வேலை செய்யுது? பத்து வருஷம் பதில் இல்லை.

பதில் வந்தது லக்ஸம்பர்க்ல இருந்து. நம்ம உடம்பே என்கெஃபலின் மாதிரி சொந்தமா வலி நிவாரணி சுரக்குது. அதைப் பிடிச்சு உள்ள இழுத்துப் போட்டு அளவைக் குறைக்கிற வேலையை ஏசிகேஆர்3ங்கிற ஏற்பி செய்யுதுன்னு 2020ல அங்க கண்டுபிடிச்சாங்க. தெருப் பெருக்குற ஆள் மாதிரின்னு வச்சுக்கோங்க. அந்த ஆளோட கையைப் பிடிச்சு நிறுத்துறது கோனோலிடின்தான்னு 2021ல அதே குழு சொல்லுச்சு. அவர் பெருக்காம நின்னா உடம்போட சொந்தச் சரக்கு தெருவுல கூடுதலா மிஞ்சும்.

இங்கதான் எனக்கு ஒரு நெருடல். 'ஓபியாய்டு இல்லாத வலி நிவாரணி'ன்னு விளம்பரத்துல போடுறாங்க. மூலக்கூறு அளவுல உண்மைதான். ஆனா அது கை வைக்கிறது ஓபியாய்டு நடமாடுற அதே தெருவுலதான். அடிமையாக்காதுன்னு எதிர்பார்க்க நியாயம் இருக்கு. நிரூபணம் மனுஷங்க கிட்ட இருந்துதான் வரணும். இது வரைக்கும் பார்த்தது செல்லுலயும் எலியிலயும். மருந்தா எந்த நாட்டுலயும் அனுமதி வாங்கினதும் இல்லை.

இதே லண்டன்ல, 1874ல, பேடிங்டன் செயின்ட் மேரிஸ் மருத்துவமனையில ஆல்டர் ரைட்னு ஒருத்தர் மார்ஃபினைக் கொதிக்க வச்சு ஒரு புதுப் பொருள் செஞ்சார். 1898ல பேயர் கம்பெனி அதை இருமல் மருந்தா, மார்ஃபினை விட ஆபத்தில்லாததுன்னு சொல்லி வித்துச்சு. பேரு ஹெராயின். அதனால 'அடிமையாக்காது'ன்னு அவசரப்பட்டு யார் சொன்னாலும் எனக்கு ஒரு கண் துடிக்கும். ஓபியாய்டு இல்லாத வலி மருந்து வரவே வராதுன்னும் சொல்ல மாட்டேன். 2025 ஜனவரியில அமெரிக்காவுல சுசெட்ரிஜின் அனுமதி வாங்கியிருக்கு, நரம்பில இருக்கிற சோடியம் வாயிலை அடைக்கிற மருந்து. ஆனா அது செடியில இருந்து வந்தது இல்லை. வலி தொடங்கி கொஞ்ச நாளே ஆன நிலைக்குத்தான் அந்த அனுமதியும். ஆன்ட்டியோட முழங்காலுக்கு இல்லை.

நேத்து சாயங்காலம் டீயோட உக்காந்து இதெல்லாம் சொன்னேன். வான் ரீடே, பேங்க்ஸ் எல்லாம் பொறுமையாக் கேட்டாங்க. 350 கிலோ பட்டைன்னதும் சிரிச்சாங்க. எலி சமாச்சாரம் வந்ததும் சிரிப்பு நின்னுடுச்சு.

"அப்ப வாங்க வேண்டாமெண்டு சொல்லுறீர்."

"வேண்டாம் ஆன்ட்டி. முக்கியமா கோ-கோடமாலோட சேர்த்து வேண்டவே வேண்டாம். ரெண்டும் சேர்ந்தா என்ன ஆகும்னு யாரும் மனுஷங்க கிட்ட பார்த்ததில்லை. மாத்திரையையும் திடீர்னு நிறுத்திடாதீங்க, டாக்டர் கிட்ட கேட்டுக் கொஞ்சம் கொஞ்சமாக் குறைக்கணும்."

கொஞ்ச நேரம் பேசலை. அப்புறம் மெல்ல எழும்பி, சுவரைப் பிடிச்சுக்கிட்டே போய், சமையலறை அலமாரியைத் திறந்து, சித்தாலேப டப்பாவுக்குப் பின்னால இருந்து ஒரு சின்னப் பாட்டிலை எடுத்து மேசையில வச்சாங்க. பாதி காலி.

"போன மாசமே வாங்கிப்போட்டன் தம்பி. நாற்பத்தைஞ்சு பவுண்."

எடுத்து லேபிளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். பூ படம் இருந்துச்சு. ஒரு சொட்டுல எத்தனை மில்லிகிராம்னு எங்கயும் போடலை. திங்கக்கிழமை அவங்களோட பார்மசிக்குப் போறேன், பாட்டிலையும் மாத்திரை அட்டையையும் ஒண்ணா எடுத்துக்கிட்டு.