மாதத் தொகைக்குள் அடங்காத நோய்: பிரிந்த பெற்றோரும் குழந்தையின் மருத்துவச் செலவும்

பிரிந்து வாழும் பெற்றோரில் குழந்தையை வைத்திருப்பவருக்கு மற்றவர் மாதந்தோறும் ஒரு தொகை தர வேண்டும் என்பதே இந்தியக் குடும்ப நீதிமன்றங்கள் வழக்கமாகப் பிறப்பிக்கும் உத்தரவு. வாடகை, பள்ளிக் கட்டணம், மளிகை போன்ற கணிக்கத்தக்க செலவுகளுக்கு அது போதும். எலும்பு முறிவும் டெங்குக் காய்ச்சலும் மாதத் தவணை பார்த்து வருவதில்லை. மருத்துவச் செலவு பராமரிப்பில் சேருமா என்ற ஐயத்துக்கு இடமே இல்லை. 1956-ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டம், பராமரிப்பு என்பதற்குத் தரும் வரையறையிலேயே உணவு, உடை, உறைவிடம், கல்வியோடு மருத்துவ சிகிச்சையையும் சேர்த்திருக்கிறது. அதன் 20-ஆம் பிரிவு அந்தக் கடமையைத் தாய், தந்தை இருவர் மீதும் சுமத்துகிறது. உரிமை தெளிவாக இருந்தும் பணம் வராமல் போவதற்குக் காரணம் உத்தரவுகள் எழுதப்படும் விதமே என்பது இக்கட்டுரையின் வாதம்.

பங்கீட்டின் அளவுகோலை உச்ச நீதிமன்றம் முன்பே வகுத்துவிட்டது. பத்மஜா சர்மா எதிர் ரத்தன் லால் சர்மா வழக்கில் (2000), தந்தையின் ஊதியம் தாயின் ஊதியத்தைப் போல ஏறத்தாழ இருமடங்கு என்பதால் பிள்ளைகளின் செலவை 2:1 என்ற விகிதத்தில் இருவரும் ஏற்க வேண்டும் என்று தீர்ப்பளித்தது. ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் (2020) இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் ஆகியவற்றைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்வதைக் கட்டாயமாக்கியது. ஆக, விகிதத்தைக் கணக்கிடுவதற்கான விவரம் வழக்குக் கட்டிலேயே கிடக்கிறது. அதைக் கொண்டு ஒரே ஒரு மாதத் தொகையை மட்டும் நிர்ணயித்துவிட்டுக் கோப்பை மூடுவது வீண் சிக்கனம்.

சிக்கல் நிறைவேற்றத்தில் வெளிப்படுகிறது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆம் பிரிவு (2024 ஜூலை முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ஆம் பிரிவு) தொகை தராதவர் மீது வாரன்ட் பிறப்பிக்கவும், அதன் பிறகும் தராவிட்டால் சிறையில் அடைக்கவும் இடம் தருகிறது. ஆனால் எவ்வளவு பாக்கி என்று தெரிந்தால்தான் அந்த அதிகாரத்தால் பயன். ‘மருத்துவச் செலவில் பாதியைத் தர வேண்டும்’ என்ற ஒற்றை வரியில் தொகையும் இல்லை, கெடுவும் இல்லை. எந்தச் செலவு, எந்த ரசீது, எப்போது என்று ஒவ்வொரு முறையும் புதிதாக வாதாட வேண்டும். அந்த வரியும் இல்லாத உத்தரவானால் சூழ்நிலை மாறியதைக் காட்டித் தொகையை உயர்த்தக் கோரும் மனு ஒன்றே வழி. மனு முடிவதற்குள் குழந்தை குணமாகியிருக்கும், கடன் நின்றிருக்கும். கலிபோர்னியாவின் குடும்பச் சட்டத் தொகுப்பு இதை வேறு விதமாகக் கையாள்கிறது: காப்பீட்டில் அடங்காத நியாயமான மருத்துவச் செலவை மாதத் தொகைக்கு மேல் தனிக் கூறாக விதிக்கிறது, செலவு செய்தவர் 30 நாட்களுக்குள் கணக்கு அனுப்ப வேண்டும், மற்றவர் செலுத்துவதற்கும் கெடு உண்டு.

இப்படித் தனிக் கூறு வைத்தால் ரசீதுக்கொரு சண்டை மூளும் என்பார்கள். இப்போதும் மூளத்தான் செய்கிறது, அதுவும் விதி எதுவும் இல்லாமல். சளி, காய்ச்சல் போன்ற சில்லறைச் செலவை மாதத் தொகையிலேயே விட்டுவிட்டு, உத்தரவில் குறித்த வரம்பைத் தாண்டுவதை மட்டும் பங்கிட்டால் சச்சரவின் பெரும்பகுதி எழவே எழாது. இதைவிட வலுவான ஆட்சேபம் ஒன்று உண்டு. ஒருவர் தன்னிச்சையாகப் பெரிய தனியார் மருத்துவமனையைத் தேர்ந்துவிட்டு மற்றவரிடம் பில்லை நீட்டலாமா? அவசரமற்ற சிகிச்சைக்கு, பல் சீரமைப்பு போன்றவற்றுக்கு, முன்னறிவிப்பும் மதிப்பீட்டுத் தொகையும் தரச் சொல்வது நியாயமே. அவசர சிகிச்சைக்கு அந்த நிபந்தனையை வைத்தால், விபத்துப் பிரிவின் வாசலில் நிற்பவர் மறுதரப்பின் பதிலுக்குக் காத்திருக்க நேரும். ஆகவே அங்கே செலவு முதலில், கணக்கு பிறகு என்பதே ஏற்கத்தக்கது.

காப்பீட்டைப் பற்றி உத்தரவுகள் பெரும்பாலும் பேசுவதே இல்லை. பணம் அதிகம் சிக்குவதோ அங்கேதான். தந்தையின் அலுவலகக் குழுக் காப்பீட்டில் குழந்தையின் பெயர் இருக்கும். அட்டை அவரிடமே இருக்கும். தாய் கையிலிருந்து கட்டிய பணத்துக்கான இழப்பீடும் பாலிசிதாரரான அவருடைய கணக்குக்கே போகும். தமிழ்நாட்டின் முதலமைச்சர் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம் குடும்ப அட்டையை அடிப்படையாகக் கொண்டது. குழந்தை தாயிடம் வளர, பெயர் தந்தையின் அட்டையில் நீடித்தால் அந்த உரிமையும் ஏட்டளவில் நின்றுவிடும். பெயர் நீக்கத்துக்கு ஒத்துழைக்க வேண்டும், காப்பீட்டு அட்டையின் நகலை ஒப்படைக்க வேண்டும், இழப்பீடு வந்த ஏழு நாளில் செலவு செய்தவரின் கணக்குக்கு மாற்ற வேண்டும் என்ற மூன்று வாக்கியங்களை இடைக்கால உத்தரவிலேயே எழுத எந்தச் சட்டத் திருத்தமும் தேவையில்லை.