கட்டை கட்டிய சிறார்

மோட்டார் வாகனத் தொழிற்சாலைகள் நிறைந்த ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் வட்டாரத்திற்கு மேற்கே, காஞ்சிபுரத்தைச் சூழ்ந்த சிற்றூர்களில் இரவு முழுதும் ஆடப்பெறுவது கட்டைக்கூத்து. கிரீடம், மார்புப்பதக்கம், தோளணி ஆகிய மரத்தாலான அணிகளே 'கட்டை'. கூத்துக் குழுவை அங்கே 'ஜமா' என்பர்; நம் செவிக்குப் பழகிய சொல்தான்.

சிறுவயதிலேயே ஜமாவில் சேர்ந்து, கேட்டும் கண்டும் பயில்வதே மரபு. அதற்குச் சிறுவர் தந்த விலை பள்ளிப்படிப்பு. விடிய விடிய ஆடியவன் காலை வகுப்பில் எங்ஙனம் விழித்திருப்பான்? பத்து வயதில் பள்ளியை விட்டு மேடையேறியவர் பெருங்கட்டூர் இராஜகோபால். அவரும், அவர்தம் துணைவியாரான டச்சு ஆய்வாளர் ஹன்னா டி புரூயினும் 2002இல் புஞ்சை அரசந்தாங்கலில் கட்டைக்கூத்துக் குருகுலத்தை நிறுவினர். பள்ளிப்பாடமும் கூத்தும் அங்கு ஒருங்கே கற்பிக்கப்பெற்றன. ஆடவர்க்கே உரியதாயிருந்த மேடையில் சிறுமியரும் ஏறினர். குருகுலத்தின் செயல்களுள் அதனையே நான் பெரிதென்பேன். 2020இல் அது மூடப்பெற்றபோது, அங்குப் பயின்ற பெண்கள் சிலர் தேர்ந்த கூத்தராகியிருந்தனர்.