பழகுநர் ஓட்டுரிமம்

பழகுநர் ஓட்டுரிமம் என்பது, மோட்டார் வாகனம் ஓட்டக் கற்றுக்கொள்ள விரும்பும் ஒருவர் பொது வீதியில் அப்பியாசம் செய்வதற்கென, குறிப்பிட்ட காலத்துக்கும் நிபந்தனைகளுக்கும் உட்பட்டு அரசாங்கம் வழங்கும் அனுமதிச் சீட்டாகும். தமிழ்நாட்டில் மக்கள் இதனைப் பெரும்பாலும் ‘எல்.எல்.ஆர்.’ என்றே சொல்வர். அலுவலகத் தமிழில் ‘பழகுநர் உரிமம்’ என்று வழங்கும். இதனைப் பெறாமல் நிரந்தர ஓட்டுரிமம் பெறுதல் இயலாது. இந்தியாவில் இதற்கு ஆதாரமாயிருப்பது 1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம். நடைமுறை விவரங்கள் 1989-ஆம் ஆண்டின் மத்திய மோட்டார் வாகன விதிகளில் வகுக்கப்பட்டுள்ளன.

பள்ளிப் படிப்பை முடித்தோ, முடிக்கும் தறுவாயிலோ நிற்கும் இளம்பிராயத்தினர் ஆவலோடு எதிர்நோக்கும் இச்சீட்டு, பெயரளவில் ஒருவருக்கே உரியதாயினும், உண்மையில் இருவரைப் பிணைப்பது: கற்பவர் ஒருவர், அவர் அருகில் அமர்ந்து, அவருடைய கைப்பிழைக்குத் தாமும் பொறுப்பேற்பவர் மற்றொருவர். சட்டத்தின் பிரிவுகளை ஒன்றோடொன்று வைத்துப் படிப்போர்க்கு, இந்த இரண்டாமவரின் ஸ்தானமே இவ்வேற்பாடு முழுவதற்கும் அச்சாணி என்பது விளங்கும்.

வரலாறு

வண்டி ஓட்டுவதற்கு அரசாங்கத்தின் அனுமதி வேண்டும் என்னும் எண்ணம் மோட்டார் வண்டியோடு உடன்பிறந்தது எனலாம். 1888-இல் கார்ல் பென்ஸ், தாம் உருவாக்கிய வண்டியை வீதியில் ஓட்டுவதற்கு ஜெர்மனியின் பாடன் பிரதேச அதிகாரிகளிடம் எழுத்து மூலமான அனுமதி பெற்றார். ஓட்டுநரின் திறமையைப் பரீட்சித்தறியும் வழக்கம் 1893-ஆம் ஆண்டின் பாரிஸ் நகரப் போலீஸ் ஆணையால் ஏற்பட்டது. இங்கிலாந்திலோ, 1903-ஆம் ஆண்டின் சட்டம் மோட்டார் வண்டி ஓட்டுவோருக்கு 17 வயதும் மோட்டார் சைக்கிள் ஓட்டுவோருக்கு 14 வயதும் வரம்பாக விதித்து, உரிமத்தைக் கட்டாயமாக்கிற்று; ஆயினும், ஐந்து ஷில்லிங் கட்டணம் செலுத்தியவர்க்கு ஓட்டத் தெரியுமா என்று அது கேட்கவில்லை. வீதிகளில் விபத்துகள் பெருகக் கண்ட பின்னரே, 1935 ஜூன் 1 முதல் புதியவர்கள் அனைவருக்கும் பரீட்சை கட்டாயமாயிற்று. கற்பவரின் வண்டியைப் பிறர் தொலைவிலிருந்தே அறிந்துகொள்ள உதவும் ‘எல்’ என்ற சிவப்பெழுத்துப் பலகையும் அவ்வாண்டிலேயே அந்நாட்டில் தோன்றிற்று. நம் தெருக்களில் இன்று காணும் ‘எல் போர்டு’ அதன் வழிவந்ததே.

இந்தியாவில், பிரிட்டிஷ் ஆட்சியின்போது 1914-இலும், பின்னர் விரிவான வடிவில் 1939-இலும் மோட்டார் வாகனச் சட்டங்கள் இயற்றப்பட்டன. 1939-ஆம் ஆண்டுச் சட்டம் விதித்த 18 வயது வரம்பைத் தொடர்ந்து ஏற்ற இன்றைய சட்டம், 1989 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்தது.

வயது வரம்பு

சட்டத்தின் 4-ஆம் பிரிவின்படி, 18 வயது நிரம்பாத எவரும் பொது இடத்தில் மோட்டார் வாகனம் ஓட்டலாகாது. இதற்கு விலக்கு ஒன்றே ஒன்று உண்டு: எஞ்சின் கொள்ளளவு 50 கன சென்டிமீட்டருக்கு மேற்படாத மோட்டார் சைக்கிளை 16 வயது நிரம்பியவர் ஓட்டலாம். 18 வயதுக்குட்பட்டவர் கியர் இல்லாத மோட்டார் சைக்கிளுக்குப் பழகுநர் உரிமம் பெறுவதாயின், அவரைப் பராமரிக்கும் தாய் தந்தையரோ பாதுகாவலரோ எழுத்து மூலம் சம்மதம் தெரிவித்தல் வேண்டும் என்று 7-ஆம் பிரிவு விதிக்கின்றது. சரக்கு வண்டி, வாடகை வண்டி முதலான போக்குவரத்து வாகனங்களுக்கு வரம்பு 20 வயது.

இவ்விலக்கு வகுக்கப்பட்ட காலத்தில் சிறிய மொபெட்டுகள் ஊர்தோறும் ஓடிக்கொண்டிருந்தன. 1980-இல் ஓசூரிலிருந்து வெளிவந்த டி.வி.எஸ். 50, பெயரிலேயே அக்கொள்ளளவைத் தாங்கி, தமிழ்நாட்டுக் குடும்பங்களில் ஓர் அங்கத்தினரைப்போலவே இடம்பெற்றிருந்தது. காலப்போக்கில் எஞ்சின்கள் பெருத்தன. இன்று கடைகளில் விற்கும் ஸ்கூட்டர்கள் பெரும்பாலும் 100 முதல் 125 கன சென்டிமீட்டர் வரையிலானவை. ஆகவே, 16 வயதுப் பிள்ளை தன் பழகுநர் உரிமத்தைக் கையில் வைத்துக்கொண்டு வீட்டிலுள்ள ஸ்கூட்டரை ஓட்டினால், அது உரிமமின்றி ஓட்டியதற்கே சமானமாகும். இந்த நுட்பத்தை அறியாமல் தவறிழைக்கும் குடும்பங்கள் பலவாதலின், இதனை ஒவ்வொரு பெற்றோரும் மனத்தில் இருத்துதல் அவசியம். மின்சார வண்டிகளுள் மோட்டாரின் சக்தி 250 வாட்டுக்குக் குறைந்தும், உச்ச வேகம் மணிக்கு 25 கிலோமீட்டருக்குக் குறைந்தும் இருப்பவை, விதிகள் கூறும் பிற நிபந்தனைகளுக்கும் பொருந்துமாயின், மோட்டார் வாகனமாகவே கருதப்படா. அவற்றுக்கு உரிமம் வேண்டுவதில்லை.

விண்ணப்பமும் தகுதியும்

விண்ணப்பத்தை மத்திய அரசின் ‘சாரதி’ என்னும் இணையதளத்தின் வழியே, வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்துக்குச் செலுத்துவது இன்றைய நடைமுறை. வயதுக்கும் முகவரிக்கும் சான்றுகள் இணைக்கப்பட வேண்டும். ஆதார் மூலம் அடையாளத்தை உறுதிசெய்து, அலுவலகத்துக்குச் செல்லாமலே பெறத்தக்க சேவைகளின் வரிசையில் 2021-இல் பழகுநர் உரிமமும் சேர்க்கப்பட்டது.

விண்ணப்பத்தோடு, தம் தேக நிலையைக் குறித்து விண்ணப்பதாரர் தாமே கையெழுத்திடும் உறுதிமொழிப் படிவம் ஒன்றும் உண்டு. வலிப்பு நோய் உண்டா, நல்ல பகல் வெளிச்சத்தில் 25 மீட்டர் தொலைவிலுள்ள வண்டியின் எண் பலகையை ஒவ்வொரு கண்ணாலும் தனித்தனியே படிக்க முடியுமா, இரவில் பார்வை மங்குகின்றதா என்பன போன்ற வினாக்கள் அதில் அமைந்துள்ளன. பலரும் படியாமலே கையெழுத்திடும் படிவம் இது. கண்ணாடி அணிய வேண்டிய குறையைத் தாமே அறியாத மாணவர்கள் வகுப்புதோறும் இருத்தலால், வீட்டு வாசலில் நின்று அந்த 25 மீட்டர் தூரத்தை அளந்து பிள்ளையின் பார்வையைச் சோதித்துக்கொள்வது, எளிதாயினும் பெரும்பயன் தருவதாகும்.

முதற்பரீட்சை

உரிமம் வழங்குமுன் நடைபெறும் பரீட்சை வண்டியைச் சார்ந்ததன்று, அறிவைச் சார்ந்தது. கணினித் திரையில் தோன்றும் வினாக்களுள் 60 சதவீதத்துக்கேனும் சரியான விடை அளித்தவரே தேறுவர். போக்குவரத்துக் குறிகள், சாலை விதிகள், விபத்து நேர்ந்தவிடத்து ஓட்டுநரின் கடமைகள், ஆளில்லா ரயில்வே கேட்டைக் கடக்கும் முறை, வண்டியில் வைத்திருக்க வேண்டிய ஆவணங்கள் ஆகியன பாடப்பொருளாம்.

குறிகளின் வடிவமே அவற்றின் பொருளைப் பாதி உணர்த்திவிடும். முக்கோணம் எச்சரிக்கும், சிவப்பு விளிம்புடைய வட்டம் தடுக்கும், நீல வட்டம் இன்னவாறு செல்க என்று பணிக்கும், நீல நிறச் செவ்வகம் தகவல் கூறும். ‘நில்’ என்னும் குறி எண்கோணமாகவும், ‘வழிவிடு’ என்னும் குறி தலைகீழ் முக்கோணமாகவும் அமைந்து, பின்புறமிருந்து நோக்கினும் வேறெதனோடும் மயங்காதவாறு தனித்து நிற்கின்றன.

கடமைகளைக் கூறும் பிரிவுகள் மனப்பாடம் செய்து மறக்கத்தக்கவை அல்ல. ஆளில்லா ரயில்வே கேட்டில் வண்டியை நிறுத்தி, உடன்வந்த நடத்துநரோ உதவியாளரோ முன்னே நடந்து சென்று ரயில் எதுவும் வரவில்லை என்று கண்ட பிறகே கடத்தல் வேண்டும். அத்தகையோர் எவரும் இல்லையெனில் ஓட்டுநர் தாமே இறங்கிப் பார்த்தல் வேண்டும் என்பது 131-ஆம் பிரிவு. காயமுற்றவரை அருகிலுள்ள மருத்துவரிடமோ மருத்துவமனைக்கோ கொண்டுசெல்ல வேண்டும் என்பது 134-ஆம் பிரிவு. வண்டியை நகர்த்தும் வித்தையைக் கற்பதற்கு முன்னரே, அவ்வண்டியால் துன்புற்ற மனிதருக்குச் செய்ய வேண்டியதைக் கற்க வேண்டும் என்று சட்டம் வரிசைப்படுத்தியிருப்பது மிகவும் போற்றத்தக்கது.

பயிற்சிக்கால நிபந்தனைகள்

பழகுநர் உரிமம் ஆறு மாத காலம், இந்தியா முழுவதிலும் செல்லுபடியாகும். அக்காலத்தில், அவ்வகை வண்டிக்கு நடப்பு ஓட்டுரிமம் உடைய ஒருவர், வண்டியைக் கட்டுப்படுத்தவோ நிறுத்தவோ இயலும்படியான இடத்தில் உடன் அமர்ந்திருத்தல் வேண்டும். இருசக்கர வண்டியில் கற்பவர், கற்பிப்பவரையன்றி வேறு எவரையும் பின்னால் ஏற்றிச் செல்லலாகாது; தோழனைப் பின்னிருக்கையில் அமர்த்திக்கொண்டு டியூஷனுக்குச் செல்வது இவ்விதியை மீறுவதேயாகும். வண்டியின் முன்னும் பின்னும், 18 சென்டிமீட்டர் சதுரமான வெண்ணிறப் பரப்பில், 10 சென்டிமீட்டருக்குக் குறையாத உயரத்தில் ‘எல்’ என்ற ஆங்கில எழுத்து சிவப்பில் துலங்குதல் வேண்டும். சாலையிலுள்ள ஏனையோரைச் சற்றே பொறுமை காக்கும்படி வேண்டிக்கொள்ளும் விண்ணப்பமாக அவ்வெழுத்தைக் கருதலாம். ஆதலின் அதனைக் கண்ட அளவில் ஹாரன் ஒலியால் கற்பவரை அச்சுறுத்தாதிருப்பது பிறரின் கடமை.

பழகுநர் உரிமமும் சட்டத்தின் கண் உரிமமே என்றும், அதனை உடையவர் ஓட்டிய வண்டியால் நேர்ந்த விபத்தில் இன்சூரன்ஸ் நிறுவனம் தன் பொறுப்பைத் தட்டிக்கழிக்க முடியாது என்றும், 2004-ஆம் ஆண்டு ஸ்வரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது.

ஓட்டும் பரீட்சை

பழகுநர் உரிமம் பெற்று 30 நாட்கள் நிறைவுற்ற பின்னரே நிரந்தர உரிமத்துக்கான பரீட்சைக்குச் செல்லலாம். மோட்டார் வாகன ஆய்வாளர் முன்னிலையில் இருசக்கர வண்டியில் ‘எட்டுப் போடுதல்’ தமிழ்நாட்டில் அனைவரும் அறிந்த சோதனை: எட்டு என்ற எண்ணின் வடிவில் அமைந்த வளைவுகளில், காலைத் தரையில் ஊன்றாமல் வண்டியைச் செலுத்த வேண்டும். மெல்லச் செல்லும்போது வண்டியைச் சமநிலையில் நிறுத்துவதே வேகமாய்ச் செல்வதினும் அரிது என்னும் உண்மையை, இளைஞர் பலர் அங்கேதான் முதன்முதல் உணர்கின்றனர். மூன்று முறை தோல்வியுற்றவர் மீண்டும் பரீட்சைக்கு வர 60 நாட்கள் காத்திருத்தல் வேண்டும்.

சிறார் ஓட்டுதலும் தண்டனையும்

2019-இல் சட்டம் திருத்தப்பட்டபோது சேர்க்கப்பட்ட 199-ஏ பிரிவு, உரிய வயதும் உரிமமும் இல்லாத சிறார் மோட்டார் வாகனக் குற்றம் இழைத்தால், பாதுகாவலரோ வண்டியின் உடைமையாளரோ குற்றவாளியாகக் கருதப்படுவார் என்கின்றது. மூன்றாண்டு வரை சிறைத் தண்டனையும் 25,000 ரூபாய் அபராதமும் அவருக்கு விதிக்கப்படலாம். வண்டியின் பதிவு 12 மாதங்களுக்கு ரத்தாகும். குற்றம் இழைத்த சிறார் 25 வயது நிரம்பும் வரையில் பழகுநர் உரிமமும் பெற முடியாது. தமக்குத் தெரியாமல் நடந்தது என்றோ, தடுக்க இயன்றதெல்லாம் செய்ததாகவோ மெய்ப்பிக்கும் பெற்றோர்க்கு விலக்கு உண்டு. முறையாகப் பழகுநர் உரிமம் பெற்ற சிறார், அவ்வுரிமம் அனுமதிக்கும் வண்டியையே ஓட்டியிருப்பின், பெற்றோர்மீது இப்பிரிவு பாயாது. நேரிய வழியில் பிள்ளைக்குக் கற்பிக்கும் பெற்றோரைக் காத்து, சாவியைக் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொள்பவரைத் தண்டிப்பதே இதன் நோக்கமென்பது தெளிவு.

பிற நாடுகளில்

இளம் ஓட்டுநருக்கு ஆபத்து மிகுந்த காலம், துணையின்றித் தனியே ஓட்டத் தொடங்கும் முதற்சில மாதங்களே என்று ஆராய்ச்சியாளர் கண்டனர். அதனை அடிப்படையாகக் கொண்டு, உரிமத்தைப் படிப்படியாக வழங்கும் முறையை நியூசிலாந்து 1987-இல் மேற்கொண்டது. அங்கே பழகுநர் நிலைக்கும் முழு உரிமத்துக்கும் நடுவே ஒரு படி உண்டு. அதில் இருப்பவர் மேற்பார்வையாளர் உடனில்லாமல் இரவு 10 மணி முதல் காலை 5 மணி வரை ஓட்டலாகாது. ஆஸ்திரேலியாவின் நியூ சௌத் வேல்ஸ் மாநிலம், 16 வயதில் கற்கத் தொடங்கும் இளைஞர் இரவில் ஓட்டியது உட்பட 120 மணி நேரப் பயிற்சியைக் குறிப்பேட்டில் பதிந்து காட்ட வேண்டும் என்கின்றது. கலிபோர்னியாவில் பதினைந்தரை வயதில் அனுமதி கிடைக்கும்; பெற்றோர் முதலியோர் துணையுடன் 50 மணி நேரம் பயில வேண்டும், அதில் 10 மணி இரவுப் பயிற்சி. பிரிட்டனில் உடன் அமர்பவர் 21 வயது நிரம்பியவராகவும், மூன்றாண்டுகள் உரிமம் வைத்திருந்தவராகவும் இருத்தல் வேண்டும். இந்தியாவில் அவருக்கு நடப்பு உரிமம் ஒன்றிருந்தால் போதும். நேற்று உரிமம் பெற்ற அண்ணன் இன்று தம்பிக்கு ஆசானாகலாம். பயிற்சி மணிக்கணக்கும் வீட்டில் கற்போர்க்கு விதிக்கப்படவில்லை. நமது ஏற்பாட்டில் திருத்தம் வேண்டும் இடம் இதுவே.

பெற்றோர் கடமை

ஐந்து முதல் 29 வயது வரையிலான பிராயத்தினர் உலகெங்கும் உயிரிழப்பதற்கு முதன்மையான காரணம் சாலை விபத்தே என்று உலக சுகாதார நிறுவனம் அறிவித்துள்ளது. ஆதலின், சட்டம் கேட்கும் 30 நாட்களோடு திருப்தியுற்று, ஒரு டிரைவிங் ஸ்கூலில் சேர்த்துவிட்டு எட்டு மட்டும் போடப் பழக்குவது போதாது. மழை நனைத்த தெரு, சந்தை நாளின் நெரிசல், எதிர்வரும் விளக்கொளி கண்ணைக் கூசச்செய்யும் இரவு நெடுஞ்சாலை, பள்ளி விடும் நேரம் ஆகிய ஒவ்வொன்றையும் பிள்ளை முதன்முதல் சந்திக்கும்போது, அனுபவம் முதிர்ந்த ஒருவர் உடனிருத்தல் வேண்டும். அதற்கென்றே ஆறு மாத அவகாசம் அளிக்கப்பட்டுள்ளது. உரிம அட்டையில் அவருடைய பெயர் எழுதப்படுவதில்லை. ஆயினும், ‘எல்’ பலகை கழற்றப்பட்ட பின்னர், ஆளில்லாத ஒரு சந்திப்பில் பிள்ளை தானாகவே வண்டியை நிதானித்து இருபுறமும் பார்க்கின்ற பழக்கம், அவர் அருகே அமர்ந்திருந்த நாட்களில் உண்டானதேயாகும்.