சுரங்கத்திலிருந்து வந்த பத்திரிகைக்காரர்

பேனா பிடித்தவர் பாராளுமன்றத்துக்குப் போனால் என்ன ஆகும் என்று நண்பர்கள் கேட்பதுண்டு. பெரும்பாலும் பேனா ஓய்ந்துவிடும் என்பேன். கீர் ஹார்டியை நினைக்கும்போது மட்டும் அந்தப் பதிலைத் திருத்திக்கொள்ள வேண்டியிருக்கிறது.

1856-ல் ஸ்காத்லாந்தின் ஏழைக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர் அவர். பத்து வயதில் நிலக்கரிச் சுரங்கத்துக்குள் இறங்கி, காற்றுக்கான கதவைத் திறந்து மூடும் வேலை பார்த்தார். சுருக்கெழுத்துப் பழகியதும் அந்த இருட்டில்தான். பிறகு தொழிற்சங்கம் என்று கிளம்பியதால் முதலாளிகள் வேலை கொடுக்க மறுத்தார்கள்; எழுத்தே பிழைப்பாயிற்று. 1887-ல் 'மைனர்' என்ற பத்திரிகையைத் தொடங்கினார். நம் ஊரில் மைனர் என்றால் சில்க் ஜிப்பாவும் அத்தர் வாசனையும் ஞாபகம் வரும். அவர் சொன்னது சுரங்கத் தொழிலாளியை!

1892-ல் வெஸ்ட்ஹாம் தெற்குத் தொகுதி அவரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது.

1894 ஜூன் 23-ந் தேதி வேல்ஸில் ஆல்பியன் சுரங்கம் வெடித்து 290 பேர் மாண்டார்கள். அதே நாளில் அரச குடும்பத்தில் ஓர் ஆண் குழந்தை பிறந்தது. குழந்தைக்கு வாழ்த்துத் தீர்மானம் சபைக்கு வந்தது. மாண்டவர்களுக்கு அனுதாபமாக ஒரு வாக்கியம் சேர்க்கும்படி ஹார்டி கேட்டார். மறுத்துவிட்டார்கள். தன்னந்தனியாக எழுந்து தீர்மானத்தை எதிர்த்தார், சபை கூச்சலிட்டது. இந்தக் குழந்தை முகஸ்துதிக்காரர் நடுவே வளரும், பின்னால் கலியாண விவகாரம் ஒன்று கிளம்பும், செலவு தேசத்தின் தலையில் விழும் என்றெல்லாம் பேசினார். அந்தக் குழந்தைதான் 1936-ல் காதலுக்காக முடி துறந்த எட்டாம் எட்வர்டு!

தீர்க்கதரிசனம் என்று பலர் வியக்கிறார்கள். எனக்கு அதில் அவ்வளவு வியப்பில்லை. ஒரே நாளின் இரண்டு செய்திகளை அருகருகே வைத்துப் பார்த்தாரே, அதுதான் பெரிது. சபையில் உட்கார்ந்த பிறகும் அவர் பத்திரிகைக்காரராகவே இருந்தார்.

மறு வருஷமே தேர்தலில் தோற்றார். 1900-ல் வேல்ஸின் மெர்தர் டிட்வில் தொகுதி அவரைத் திரும்ப அனுப்பியது. 1906-ல் தொழிற்கட்சியின் பாராளுமன்றத் தலைவரானார். 1907-ல் இந்தியாவுக்கு வந்து, பிரிவினையால் கொதித்துக்கொண்டிருந்த வங்காளத்தைச் சுற்றினார். இந்தியருக்குச் சுயாட்சி வேண்டும் என்று பேசியதற்காக லண்டன் பத்திரிகைகள் அவரைத் திட்டித் தீர்த்தன.

1914-ல் யுத்தம் மூண்டது. அவர் அதை எதிர்த்தார். ஆகஸ்டு மாதம் தம் தொகுதியிலேயே, அபர்டேரில், பேசவிடாமல் கூச்சலிட்டுக் கூட்டத்தைக் கலைத்தார்கள். சபையின் கூச்சலைத் தாங்கிய மனிதரால் இதைத் தாங்க முடியவில்லை. கூச்சலிட்டவர்கள் சுரங்கத் தொழிலாளர்கள் அல்லவா?

1915 செப்டம்பர் 26-ல் கிளாஸ்கோவில் காலமானார். நவம்பரில் இடைத்தேர்தல் நடந்தது. யுத்தத்தை ஆதரித்த ஒரு தொழிற்சங்கத் தலைவர் ஜயித்தார்.