தரவுத்தள வேக ஆய்வுக்கான நூலகக் கோப்புகள்

தரவுத்தளம் மந்தமாவதன் காரணத்தைத் தேடும் கருவிகள் பலவும், சர்வருக்குள்ளேயே ஏற்றப்படும் சிறு நூலகக் கோப்புகளை நம்பியிருக்கின்றன. விண்டோஸில் இவை டிஎல்எல் கோப்புகள், லினக்ஸில் எஸ்ஓ. போஸ்ட்கிரெஸ் என்ற தரவுத்தள மென்பொருளுடன் அதன் 8.4 பதிப்பு (2009) முதல் வரும் பிஜி_ஸ்டாட்_ஸ்டேட்மென்ட்ஸ் இவ்வகையில் முதன்மையானது. லாக் கோப்பே போதாதா என்று கேட்கலாம். குறித்த நேரத்தைத் தாண்டிய வினவலை மட்டும் லாக்கில் பதியவிடுவதே வழக்கம். நொடியில் முடிந்து, நாளெல்லாம் லட்சம் முறை ஓடும் வினவல் அதில் சிக்காது. பெரும்பாலும் குற்றவாளி அதுதான். நூலகமோ மாறும் மதிப்புகளை நீக்கி வினவல்களை ஒன்றுசேர்க்கிறது. நகரத்தார் சமூகத்தின் புள்ளிக் கணக்கு (கோவில்வாரியான குடும்பக் கணக்கு) ஒரு தரவுத்தளத்தில் இருப்பதாகக் கொண்டால், 'கோவில் = இளையாத்தங்குடி', 'கோவில் = மாத்தூர்' என்ற இரு தேடல்களும் 'கோவில் = $1' என ஒரே வரியில், மொத்த நேரத்தோடு நிற்கும்.

சர்வருக்குள் வேற்று நிரலை விடுவது ஆபத்து என்ற வாதம் பொய்யல்ல. நூலகப் பிழையால் ஒரு செயல்முறை விழுந்தால், போஸ்ட்கிரெஸ் மற்ற இணைப்புகளையும் துண்டித்து மீட்பில் இறங்கும். இது எல்லா நூலகத்தையும் ஒதுக்கக் காரணமாகாது; போஸ்ட்கிரெஸோடு வருவதையும் எங்கிருந்தோ இறக்கியதையும் ஒரே தட்டில் வைக்கக்கூடாது என்பதே சரி. நடைமுறையில் அதிகம் படுத்துவது பதிப்பு மாற்றம்தான். போஸ்ட்கிரெஸ் 13-ஆம் பதிப்பில், பிஜி_ஸ்டாட்_ஸ்டேட்மென்ட்ஸில் இருந்த 'டோட்டல்_டைம்' என்ற பத்தி 'டோட்டல்_எக்ஸெக்_டைம்' ஆனது. பழைய பெயரைக் கேட்ட கருவிகளுக்குப் பிழைச்செய்தியே கிடைத்தது.