எம்டன் இரவும் ‘அந்த நாளும்’

வடசென்னைத் துறைமுகத்தை ஒட்டி வாழும் குடும்பங்களில், இராயபுரத்திலும் தண்டையார்பேட்டையிலும் திருவொற்றியூரிலும், பாட்டனார் காலத்துக் கதையொன்று வழங்கக் கேட்கிறோம். ஜப்பான்காரன் குண்டு போட்டான். எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. ஊரே காலியாயிற்று என்பது அதன் சுருக்கம். சொல்பவர் எவரும் பொய் சொல்லவில்லை. கேட்டதைக் கேட்டபடியே சொல்கின்றனர். ஆயினும் இம்மூன்று செய்திகளும் மூன்று வெவ்வேறு ஆண்டுகளுக்கு உரியவை. எண்ணெய்த் தொட்டிகள் எரிந்தது 1914இல். ஊர் காலியானது 1942இல். ஜப்பானியக் குண்டு விழுந்தது 1943இல். இருபத்தொன்பது ஆண்டுக்கால வரலாறு ஒரே இரவாகச் சுருங்கிவிட்டது. இது எவ்வாறு நேர்ந்தது?

இக்கேள்விக்கு விடை தேடுங்கால், எதிர்பாராத ஓரிடத்தில் நமக்குத் துணை கிட்டுகிறது. அது ஒரு திரைப்படம். பயாஸ்கோப்புக் கொட்டகையின் வாசலை மிதிப்பதையே இழுக்கென எண்ணிய பெரியோர் நம் குடும்பங்களில் இருந்தனர். அவர்களுடன் வாதிட நாம் வரவில்லை. ஆனால் சாட்சியம் என்பது எத்துணை வழுக்கும் தன்மையது என்பதைத் தமிழ்நாட்டில் பாமரரும் உணரும் வண்ணம் காட்டிய படம் அது என்பதை மறைத்தலும் நேர்மையாகாது.

1954ஆம் ஆண்டு ஏப்ரல் 13ஆம் நாள் வெளிவந்த ‘அந்த நாள்’ என்னும் அப்படத்தை ஏ. வி. மெய்யப்பன் தயாரித்தார். இயக்கியவர் பின்னாளில் வீணைக் கலைஞராகப் பெரும்புகழ் பெற்ற எஸ். பாலசந்தர், அப்போது அவருக்கு வயது இருபத்தேழே. பாட்டும் நடனமும் இன்றித் தமிழ்ப்படம் ஓடாது என்றிருந்த காலத்தில், ஒரு பாட்டும் இல்லாமல் எடுக்கப்பட்ட முதல் தமிழ்ப்படம் அது. வந்த காலத்தில் அது பெரும் வசூலை ஈட்டவில்லை என்பதில் வியப்பில்லை. கதை நிகழும் காலம், 1943 அக்டோபரில் சென்னை ஜப்பானியக் குண்டுவீச்சுக்கு உள்ளான வேளை. சிவாஜி கணேசன் ஏற்ற ராஜன் என்னும் வானொலிப் பொறியாளன் தன் இல்லத்தில் சுடப்பட்டு இறந்து கிடக்கிறான். துப்பறியும் அதிகாரியாக ஜாவர் சீதாராமன் வருகிறார். அண்டை வீட்டுச் சின்னையா பிள்ளை, தம்பி பட்டாபி, அவன் மனைவி ஹேமா, ஆசைநாயகி அம்புஜம் என ஒவ்வொருவரும் வாய் திறக்குந்தோறும் ஐயம் புதியதோர் ஆள்மேல் பாய்கிறது. ஒவ்வொரு கூற்றிலும் ஒரு புதிய ராஜனும் பிறக்கிறான். சுட்டவள் அவனுடைய மனைவி உஷாவே என்பதும், பகைவனுக்கு இரகசியங்களை விற்ற துரோகி அவன் என்பதும் இறுதியில் வெளியாகின்றன. படத்தின் பெரும்பகுதியில் கொலையுண்டவன்பால் இரக்கம் கொண்டிருந்த பார்வையாளர், தாம் எவனுக்காக இரங்கினோம் என்று திகைத்து எழுந்து செல்ல நேர்கிறது.

இதனை ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவாவின் ‘ராஷோமோன்’ (1950) படத்தோடு ஒப்பிடுவது வழக்கம். 1951இல் வெனிஸ் விழாவில் முதற்பரிசான தங்கச் சிங்கத்தைப் பெற்ற படம் அது. ஒப்புமையினும் வேற்றுமையே நம் கருத்தைக் கவர்கிறது. ‘ராஷோமோன்’ படத்தில் கொள்ளையன் தானே கொன்றதாகப் பெருமை பேசுகிறான். மனைவி பழியைத் தன்மேல் இழுத்துக்கொள்கிறாள். மாண்டவனின் ஆவியோ தற்கொலை என்கிறது. அங்கே எல்லாரும் தத்தம் பங்கைப் பெரிதாக்கிக் காட்டப் பொய் சொல்கின்றனர். ‘அந்த நாள்’ மாந்தரோ பிறரைச் சுட்டுகின்றனர். குரோசாவா உண்மை எது என்பதையே ஐயத்தில் விட்டுவிட, பாலசந்தர் உண்மை ஒன்று உண்டு என்றும், பொறுமையுடன் சாட்சிகளை உசாவினால் அது கைக்கு எட்டும் என்றும் காட்டுகிறார். கலையின் ஆழம் முன்னதில் மிகுதி என்பர். வரலாறு எழுதப் புகுவோர்க்கு உதவுவது பின்னதே என்பது நம் துணிபு.

நிற்க. படத்தை விட்டுத் துறைமுகத்துக்கு வருவோம்.

1914 செப்டம்பர் 22, செவ்வாய்க்கிழமை. இரவு ஒன்பதரை மணியளவில் ஜெர்மானியப் போர்க்கப்பல் ‘எம்டன்’, தளபதி கார்ல் ஃபான் முல்லர் தலைமையில், சென்னைக் கரையை நெருங்கிற்று. நகரமோ போர்க்காலம் என்ற நினைவே இன்றி விளக்கொளியில் திளைத்திருந்தது. அரை மணி நேரம் பீரங்கிகள் முழங்கின. ஏறத்தாழ 130 குண்டுகள் பாய்ந்தன. பர்மா எண்ணெய்க் கம்பெனியின் தொட்டிகள் தீப்பற்றி எரிந்தன. துறைமுகத்தில் நின்ற ‘சுப்ரா’ என்ற கப்பல் சேதமுற்றது; குறைந்தது ஐவர் மாண்டனர். உயர்நீதிமன்ற வளாகத்துக் கிழக்குச் சுவரில் அதற்கான கல்வெட்டு இன்றும் உண்டு. மூன்று புகைபோக்கிகள் உடைய அக்கப்பல், நான்காவதாகப் போலிப் புகைபோக்கி ஒன்றைப் பொருத்தி ஆங்கிலேயக் கப்பல்போல் வேடம் பூண்டது உண்டு. கப்பலுக்கே அடையாளம் மாறாட்டம்! அவ்வாண்டு நவம்பர் 9இல் கோக்கோஸ் தீவருகே ஆஸ்திரேலியக் கப்பல் ‘சிட்னி’ அதனை முறியடித்தது. ஆனால் தமிழில் அதற்கு அழிவில்லை. எதற்கும் அஞ்சாத, எளிதில் ஏமாறாத ஆளை ‘அவன் பெரிய எம்டன்’ என்னும் வழக்கு ஒரு நூற்றாண்டு கடந்தும் நிலைத்திருக்கிறது.

இனி 1942. ஏப்ரல் 5இல் கொழும்பிலும், மறுநாள் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் ஜப்பானிய விமானங்கள் குண்டு வீசின. அடுத்தது சென்னைதான் என்று எல்லாரும் நம்பினர். அரசு அலுவலகங்கள் உள்நாட்டுக்கு மாற்றப்பட்டன. மக்கள் இலட்சக்கணக்கில் வெளியேறினர். மக்கள் பூங்காவில் அடைபட்டிருந்த கொடிய விலங்குகள், குண்டு விழுந்தால் தப்பிவிடும் என்றஞ்சிச் சுட்டுக் கொல்லப்பட்டன. ஆனால் அந்த ஏப்ரலில் சென்னையில் ஒரு குண்டும் விழவில்லை!

குண்டு விழுந்தது ஓராண்டு கழிந்து, 1943 அக்டோபர் 11 இரவில். தனித்து வந்த விமானம் துறைமுகப் பகுதியில் சில குண்டுகளைப் போட்டுச் சென்றது. பெரும் சேதமில்லை. போர்க்காலத் தணிக்கை பத்திரிகைகளின் வாயைக் கட்டியிருந்தது. அம்மாதம் பெருமழையும் வெள்ளமும் நகரை அலைக்கழித்தன. எவரும் ஊரைக் காலி செய்யவில்லை. பலர் அறியவும் இல்லை. ஓடிய போது குண்டில்லை. குண்டு விழுந்த போது ஓட்டமில்லை. மனித மனமோ காரணத்தையும் விளைவையும் இணைத்தே வைக்க விரும்புகிறது. ஆகவே 1942இன் ஓட்டத்துக்கு 1943இன் குண்டைக் காரணமாக்கி, குண்டின் சேதத்துக்கு 1914இன் தீயை இரவல் வாங்கிக் கொண்டது.

நினைவின் இந்த விளையாட்டை நம் முன்னோர் அறியாதவரல்லர். ஹதீஸ் கலை வல்லுநர்கள் ஓர் அறிவிப்பை ஏற்கும் முன் விதித்த நிபந்தனைகளை எண்ணிப் பார்த்தால் வியப்பு மேலிடும். அறிவிப்பாளர் வரிசை அறுபடாதிருத்தல் வேண்டும். ஒவ்வொருவரும் நேர்மையாளராயிருத்தல் வேண்டும். அதனோடு நினைவாற்றலில் பிசகாதவராகவும் இருத்தல் வேண்டும். நேர்மை வேறு, நினைவு வேறு என்று பிரித்தறிந்த நுட்பத்தைக் கவனியுங்கள். முதுமையில் நினைவு தடுமாறியவரை ‘இக்திலாத்’ உற்றவர் எனக் குறித்து, தடுமாற்றத்துக்கு முன் அவரிடம் கேட்டவர் யார், பின் கேட்டவர் யார் என்று பட்டியல் செய்தனர். மூலச் செய்தியில் அறிவிப்பாளரின் சொந்தச் சொல் தன்னையறியாமல் கலந்துவிடுவதை ‘இத்ராஜ்’ என்றனர். அத்தகைய கலப்புகளைப் பிரித்துக் காட்டவே கதீபுல் பக்தாதி (ரஹ்) தனி நூல் யாத்தார். மார்க்க அறிவிப்புகளையும் ஊர்க் கதைகளையும் ஒரே தட்டில் வைக்க நாம் துணியவில்லை. அளவுகோலை மட்டுமே இரவல் பெறுகிறோம்.

புலன்களையே ஐயுற்ற இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்களின் ‘அல்முன்கிது மினள்ளலால்’ என்னும் நூலையும் ஈண்டு நினைவு கூரலாம். விண்மீன் கண்ணுக்கு ஒரு தீனார் அளவே தோன்றுகிறது, கணக்கோ அது பூமியினும் பெரிதென்கிறது என்று அவர்கள் எடுத்துக்காட்டுவார்கள். ஹிஜ்ரி 505இல் மறைந்த அம்மேதை, கண்ணைத் திருத்தக் கணக்கை அழைத்தார்.

நாமும் கணக்கை அழைத்துப் பார்ப்போம். 1914 செப்டம்பர் 22 என்பது ஹிஜ்ரி 1332 துல்கஃதா மாதத் தொடக்கம். தலைப்பிறை தோன்றி ஓரிரு நாளே ஆன இளம்பிறை, இரவு ஒன்பதரைக்கு வெகு முன்பே மேற்கில் மறைந்திருக்கும். ஆகவே எம்டன் வந்தது காரிருளில். 1943 அக்டோபர் 11 என்பதோ ஹிஜ்ரி 1362 ஷவ்வால் மாதம். நோன்புப் பெருநாள் கழிந்து ஏறத்தாழப் பத்து நாள். பௌர்ணமிக்கு இரண்டே நாள் இருந்தது. மேகம் மறைக்காத நேரமெல்லாம் நிலவு காய்ந்திருக்கும். இப்போது முதியவர் ஒருவர், “நிலா வெளிச்சத்தில் எம்டனைப் பார்த்ததாக என் பாட்டனார் சொல்லுவார்” என்றால், அவரைப் பொய்யர் என்னாமலே அதனைத் தள்ளிவிடலாம். அல்லது அந்த நிலவு வேறோர் இரவுக்கு உரியது எனக் கொள்ளலாம். உலக இயல்போடு ஒட்டாத செய்தியை, அறிவித்தவர் யாராயினும் நிறுத்துப் பார்க்க வேண்டும் என்று இப்னு கல்தூன் தம் ‘முகத்திமா’வில் வற்புறுத்தியதும் இவ்வகை ஆய்வையேயாகும்.

செண்பகராமன் பிள்ளை எம்டனில் வந்தார் என்னும் நம்பிக்கையும் இவ்வாறே சோதிக்கத்தக்கது. தமிழ்நாட்டில் மேடைதோறும் முழங்கும் செய்தி அது. ஆனால் 1914 செப்டம்பரில் அவர் சுவிட்சர்லாந்தின் ஜூரிச் நகரில் இந்திய ஆதரவுக் குழுவை நிறுவிக் கொண்டிருந்தார். ஒருவர் ஒரே வேளையில் ஜூரிச்சிலும் வங்கக் கடலிலும் இருத்தல் இயலாது. அவருடைய தொண்டு இதனால் சிறிதும் குறையவில்லை. கப்பல் கதை அவருக்குத் தேவையும் இல்லை.

இவையெல்லாம் வெறும் தேதிச் சிக்கல்கள் என்று சிலர் கருதலாம். அவ்வாறன்று. 1941 டிசம்பர் 23இல் இரங்கூன் நகரின்மேல் ஜப்பானியர் குண்டு பொழிந்தனர். அங்கே துறைமுகத்திலும் கடைத்தெருக்களிலும் வாழ்ந்த தமிழர் பல்லாயிரவர். அவர்களில் சூலியா முஸ்லிம்கள் என அழைக்கப்பெற்ற நம்மவரும் கணிசமாக இருந்தனர். அந்நகரில் மாண்டோர் பலர். எஞ்சியோரில் பெருந்தொகையினர் காடும் மலையும் கடந்து கால்நடையாகத் தாயகம் நோக்கி நடந்தனர்; வழியில் வாந்திபேதிக்கும் பசிக்கும் இரையானோர் எண்ணிறந்தோர். தப்பி வந்தோரில் ஒரு பகுதியினர் சென்னைத் துறைமுகத்தை அண்டி வாழ்ந்தனர். 1964க்குப் பின் பர்மாவிலிருந்து மீண்டும் அகதிகள் வந்தபோது எண்ணூர்ப் பக்கத்திலும் குடியிருப்புகள் எழுந்தன.

குண்டு என்றும் துறைமுகம் என்றும் தீ என்றும் பாட்டியார் சொன்னதைக் கேட்ட பேரன், தான் அறிந்த ஒரே துறைமுகத்தில் அவற்றைப் பொருத்திக் கொள்வது இயல்பே. இராயபுரத்தில் நிகழாத பெருந்தீ சில குடும்பங்களில் அத்துணைத் தெளிவாக நினைவுகூரப்படுவதற்கு இதுவும் ஒரு காரணமாகலாம் என்பது நம் ஊகம். ஊகம் சரியாயின், இழப்பு பெரிது. இரங்கூன் வீதியில் மாண்ட பெரியப்பா, நெடுவழியில் கைவிடப்பட்ட கைக்குழந்தை, அங்கே விட்டு வந்த கடை ஆகிய அனைத்தும், சென்னையில் எவரையும் பெரிதாகத் தீண்டாத ஒரு சிறு குண்டுவீச்சுக்குள் புதைந்து போகின்றன. குடும்பம் எங்கிருந்து வந்தது என்பதே மறைந்துவிடுகிறது.

இத்தகைய இத்ராஜ் வேலையைத் திரைப்படமும் இன்று செய்து வருகிறது. ‘மெட்ராஸ்’ (2014), ‘வட சென்னை’ (2018), ‘சார்பட்டா பரம்பரை’ (2021) போன்ற படங்களைப் பார்த்து வளரும் பிள்ளைகள், தம் தெருவையே படத்தின் வழியாகக் காண்கின்றனர். அவற்றில் நல்ல படங்கள் உண்டு என்பதை மறுக்கவில்லை. ஆயினும் கலை இயக்குநர் எழுப்பிய தெரு, தாத்தாவின் தெருவாக நினைவில் பதிந்துவிட்டால் பிரித்தெடுப்பது எளிதன்று.

1943ஐத் தம் கண்ணால் கண்டவர்கள் இன்று எண்பத்தைந்து வயதைக் கடந்தவர்கள். அவர்களிடம் அமர்ந்து கேட்போர், குண்டு விழுந்ததா என்று கேட்பதனால் பயன் குறைவு. விழுந்தது என்றே விடை வரும். அப்போது நோன்பு முடிந்திருந்ததா, வெளியே நிலவு இருந்ததா, மழை பெய்ததா, வீட்டில் யார் யார் இருந்தனர், இச்செய்தியை நேரில் கண்டீர்களா அன்றி யார் வாயிலாகக் கேட்டீர்கள் என்று வினவலாம். அதற்கு முன்பாக, அந்தத் துறைமுகம் எந்த ஊர்த் துறைமுகம் என்றும் கேட்டுக்கொள்ள வேண்டும்.